உப்பு தின்னாத வீடு

அத்தியாயம் 9

போன வாரம் வெர்த்துலி தன் தம்பி வீட்டு வேலிக்கு வெளியே நின்று, கருவாட்டுச் சட்டியைத் தலைக்கு மேலே தூக்கிக் காட்டி, "என் தம்பியை எனக்குத் திருப்பிக் குடுடீ!" என்று கத்தினாளே, நினைவிருக்கிறதா? அந்தச் சட்டி இன்னும் அங்கேதான் கிடக்கிறது. தம்பி பெண்டாட்டி மெலனீஸ் அதைத் தொடவில்லை. நாய்தான் தொட்டது.

கதைக்குப் புதிதாக வந்தவர்களுக்கு ஒரு வார்த்தை. அந்தத் தம்பி அனேலுஸ் எங்கள் தி-சலீன் உப்பளத்தில் வாய்க்குப் பேர் போனவன். சேவல் சண்டையில் அவன் போடும் கூச்சலுக்குப் பயந்தே எதிராளியின் சேவல் ஓடிவிடும் என்பார்கள். மழைக்கு முன்னால் ஒரு நாள் பாத்தியில் உப்பு வாரிக்கொண்டிருந்தவன் அப்படியே முகம் குப்புற விழுந்தான். கொனாயிவ் பட்டணத்து ஆஸ்பத்திரியில் கண் திறந்தபோது வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது, கால் இழுத்தது, பேச்சு மூக்கு வழியாக வந்தது. ரத்தக் கொதிப்பு, இனி உப்பு கூடவே கூடாது என்று சொல்லி அனுப்பினார்கள். வீட்டுக்கு வந்த அன்றே மெலனீஸ் உப்பு டப்பாவைக் கழுவிக் கவிழ்த்துவிட்டாள்.

பிடித்தது சனி.

மூக்கால் பேசுகிறவன், வெறித்துப் பார்க்கிறவன், காலை இழுத்து நடக்கிறவன், எல்லாவற்றுக்கும் மேலே உப்பில்லாமல் சாப்பிடுகிறவன் யார் என்று எங்கள் ஊரில் பால் குடிக்கிற குழந்தைக்கும் தெரியும். பொடி போட்டு ஆளைச் சாகடித்து, புதைத்த பிறகு பேர் சொல்லிக் குழியிலிருந்து எழுப்பி, புத்தியைப் பிடுங்கி வைத்துக்கொண்டு மாடு மாதிரி வேலை வாங்குகிற ஆட்கள் உண்டு. எழுப்புகிறவன் போகோர். எழுந்து வருகிறவன் ஜோம்பி. ஜோம்பியின் நாக்கில் ஒரு கல் உப்பு பட்டால் போதும், விழித்துக்கொண்டு நேரே தன் குழிக்குத் திரும்பிப் போய்விடுவான். ஆகவே ஜோம்பி வைத்திருக்கிற வீட்டில் உப்புப் புழங்காது.

உப்பளத்துக்காரன் வீட்டிலேயே உப்பில்லை. வேறென்ன சாட்சி வேண்டும் ஊருக்கு?

*

சந்தை நாள் காலை. சுகாதார நிலையத்தில் நர்ஸ் லூனி, அனேலுஸின் கையில் பட்டையைச் சுற்றிப் பம்பை அமுக்கினாள். பார்த்தாள். மறுபடி அமுக்கினாள்.

"மதாம் அனேலுஸ், உண்மையைச் சொல்லு. சாப்பாட்டுல உப்பு போடுறியா இல்லையா?"

"போடலை மிஸ்."

"அப்ப இது எப்படி ஏறுது? போன தடவையை விட ஜாஸ்தி. மாத்திரை?"

"ரெண்டு வேளையும் என் கையாலதான் குடுக்கறேன்."

"மாத்திரை உள்ள போகுது, உப்பு போகலை, கொதிப்பு மட்டும் ஏறிக்கிட்டே இருக்கு. என்ன மாயம்மா இது? இப்படித்தான் எல்லாரும் சொல்றீங்க. வீட்டுக்குப் போனதும் ஐயோ பாவம் மனுஷன் சாப்பிட மாட்டேங்குறாரேன்னு ஒரு சிட்டிகை. அப்புறம் இன்னொரு சிட்டிகை."

"ஒரு கல்லு கூடப் போடலை மிஸ்! எம்மவ தலைமேல சத்தியம். என் வீட்ல உப்பே கிடையாது!"

கொஞ்சம் சத்தமாகச் சொல்லிவிட்டாள். பின்னால் பெஞ்சில் உட்கார்ந்திருந்த பெண்கள், அதுவரை வெறும் வாயை மென்றுகொண்டிருந்தவர்கள், அவல் கிடைத்த மகிழ்ச்சியில் நிமிர்ந்தார்கள்.

"கேட்டியா? வீட்ல உப்பே கிடையாதாம். அவ வாயாலயே சொல்லிட்டா."

நர்ஸ் லூனி அனேலுஸின் பக்கம் திரும்பினாள். "முசே அனேலுஸ், உங்களுக்கு எப்படி இருக்கு?"

அனேலுஸ் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். கேள்வி அவனுக்குள் இறங்கிப் பதில் மேலே வர நேரம் பிடித்தது.

"தெரி…யலை, மிஸ்."

பெஞ்சில் ஒருத்தி சிலுவை போட்டுக்கொண்டாள்.

"இங்க பாரும்மா," என்றாள் நர்ஸ், குரலைத் தாழ்த்தி. "இன்னொரு தடவை விழுந்தார்னா எழுந்திருக்க மாட்டார். அதுக்கு மேல எனக்குச் சொல்லத் தெரியலை."

மெலனீஸ் புருஷன் கையைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தாள். உள்ளே உப்பு போட்டாய் என்று திட்டு. வெளியே உப்பு போடவில்லை என்று திட்டு. மத்தளத்துக்காவது இரண்டு பக்கமும் அடித்தால் ஏதோ தாளம் வரும். இவளுக்கு அதுவும் இல்லை.

வாசலில் மகள் விதலின் வீட்டுக்குப் போக வாடகை மோட்டார் சைக்கிள் பேசிக்கொண்டிருந்தாள். பேசிக்கொண்டிருந்தாள் என்பதை விடச் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள் என்பது பொருத்தம்.

"உன்னை வேணா ஏத்திக்கறேன். அவரை ஏத்த மாட்டேன்" என்றான் வண்டிக்காரன்.

"ஏன், எங்கப்பா உன் கழுத்தைக் கடிச்சிடுவாரா?"

"கடிக்கறதா? ஜோம்பி எதுக்குக் கடிக்குது?"

"வெளிநாட்டுப் படத்துல கடிக்கும். போன்ல பாத்தேன். ஒருத்தனைக் கடிச்சா அவனும் ஜோம்பி. அவன் இன்னொருத்தனைக் கடிப்பான். அப்படியே ஊர் பூராத் தொத்திக்கும். கூட்டம் கூட்டமா வந்து கதவை உடைக்கும். மண்டையில போட்டாத்தான் விழும்."

வண்டிக்காரன் விழுந்து விழுந்து சிரித்தான். "கடிக்கற ஜோம்பியை வச்சு எவன் வயல்ல வேலை வாங்குவான்? பைத்தியக்காரப் பசங்க! ஏ புள்ள, உங்கப்பாவைப் பாத்து எனக்கு என்ன பயம்? அவரு பாவம், தானா ஒண்ணும் செய்ய மாட்டாரு. பயமெல்லாம்…"

அவன் கண் மெலனீஸிடம் போயிற்று. வார்த்தையை விழுங்கிவிட்டு வண்டியைக் கிளப்பிக்கொண்டு போனான்.

மூன்று பேரும் வெயிலில் நடந்தார்கள். கூட்டுரோட்டில் வறுவல் கடை வந்ததும் விதலின் நின்றுவிட்டாள். அங்கே வாழைக்காய் வறுவலும் மேலே காரமாக முட்டைக்கோஸ் ஊறுகாயும் வைத்துத் தருவார்கள்.

"ம்மா, நீங்க போங்க. நான் வந்துடறேன்."

வீட்டுச் சாப்பாடு அவளுக்கு இறங்குவதில்லை என்று மெலனீஸுக்குத் தெரியும். வயசுப் பெண், பத்தியம் அவளுக்கு எதற்கு? "அப்பாவை வீட்ல விட்டுட்டு அப்புறம் வந்து தின்னு" என்றாள். "எனக்குச் சந்தையில ஒரு வேலை இருக்கு."

*

வேலை என்றால் வெர்த்துலிதான்.

வெர்த்துலி சந்தையின் வடக்கு மூலையில் உப்பு விற்கிறாள். சாக்கை விரித்து, உப்பைக் கோபுரமாகக் குவித்து, டின்னால் அளந்து, அளந்த பிறகு ஒரு பிடி கொசுறு போடுவாள். தாய் செத்த பிறகு தம்பியைத் தூக்கி வளர்த்தவள். கல்யாணம் கட்டாமல் இருந்துவிட்டாள். அவளைக் கெட்டவள் என்று நான் ஒரு நாளும் சொல்ல மாட்டேன். அன்பு இருக்கிற அளவுக்கு மூளையும் இருந்திருந்தால் இந்தத் தொடரே எழுத வேண்டி வந்திருக்காது.

மெலனீஸ் போய் நேரே முன்னால் நின்றாள்.

"மதினி, நேரடியாக் கேக்கறேன். அவருக்கு உப்பு குடுக்கறது நீங்கதானே?"

வெர்த்துலி டின்னைக் கீழே வைத்தாள். "என்னட்டி சொன்ன?"

"ரத்தக் கொதிப்பு ஏறியிருக்கு. நான் குடுக்கலை. வேற யாரு? வேலிக்கு மேல சட்டியை நீட்டறது நீங்கதானே?"

"நான் குடுத்து அவன் தின்னிருந்தா இன்னிக்கு அவன் முழிச்சிருப்பானே! எங்க விட்ட நீ? கருவாடு அனுப்பினா நாய்க்குப் போட்ட. அவிச்ச மீன் அனுப்பினா திருப்பி அனுப்பின. எங்கம்மா குழி மேல சத்தியம், என் கையால ஒரு கல்லு அவன் வாய்க்குப் போகலை. போயிருந்தா நான் ஏன் இங்க அழுதுகிட்டு உக்காந்திருக்கேன்?"

பொய் சொல்கிற முகம் இல்லை அது. மெலனீஸுக்கு அதுதான் இன்னும் எரிச்சலாக இருந்தது. பொய் என்றால் சண்டை போடலாம்.

"சரி மதினி. ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். செத்தாத்தானே ஜோம்பி? புதைச்சாத்தானே எழுப்ப முடியும்? உங்க தம்பியை யாரு புதைச்சா? எங்க புதைச்சா?"

பக்கத்தில் சோளமாவு விற்கிறவள், வெங்காயம் விற்கிறவள், எல்லோரும் விற்பனையை நிறுத்திவிட்டார்கள்.

"ஆஸ்பத்திரியில ரெண்டு நாள் என்னை உள்ள விடலையே" என்றாள் வெர்த்துலி. "நீ மட்டும்தான் உள்ள இருந்த. அங்க என்ன நடந்துச்சுன்னு யாரு கண்டா? மனுஷனா உள்ள போனான். கூடுதான் திரும்பி வந்துச்சு."

"ஒருத்தரைத்தான் உள்ள விடுவாங்க! சட்டம் அது!"

"அந்த ஒருத்தி ஏன் நீயா இருந்த?"

"பொண்டாட்டி நான்!"

"அதைத்தான் நானும் சொல்றேன்" என்றாள் வெர்த்துலி, ஏதோ வழக்கில் ஜெயித்துவிட்ட மாதிரி. பிறகு அவள் குரல் உடைந்தது. "அவனுக்கு உப்புன்னா உயிருட்டி. சின்னப் புள்ளையில பாத்தி வரப்புல உக்காந்து கல்லுக் கல்லா நக்குவான். அவன் தட்டுல உப்பில்லாமப் போடறியே, உன் தட்டுல மட்டும் நீ ஒளிச்சு வச்சுப் போட்டுத் திங்கறியே, தொண்டையில எப்படி இறங்குது?"

மெலனீஸ் வாயைத் திறந்தாள். இதற்குப் பதில் சொல்ல ஆரம்பித்தால் அழுகை வந்துவிடும். சந்தை நடுவில், வெங்காயக்காரிக்கு எதிரில், அழ அவளுக்கு இஷ்டமில்லை. திரும்பி நடந்தாள்.

ஊர் வாயை மூட உலைமூடி இல்லை. தன் வாயை மூடிக்கொள்ளத்தான் பலம் வேண்டியிருக்கிறது.

*

வீட்டுக்கு வந்தாள். அனேலுஸ் இல்லை. விதலினும் இல்லை.

குடிக்கத் தண்ணீர் மொள்ளப் போனால் பானை காலி. காலையில்தான் நிரப்பினாள். முந்தாநாளும் இப்படித்தான். வெயில் என்று நினைத்திருந்தாள். பானையையே பார்த்துக்கொண்டு நின்றவளுக்குச் சட்டென்று ஏதோ தட்டியது. உப்பைத் தின்றவன்தானே தண்ணீர் குடிப்பான்?

கொடியில் அவனுடைய கால்சட்டை காய்ந்துகொண்டிருந்தது. கிழவர்கள் போடுகிற மாதிரி தொளதொளப்பான காக்கி. பையில் கையை விட்டாள். தையல் மூலையில் நரநரவென்று ஏதோ தட்டுப்பட்டது. வெளியே எடுத்து நாக்கில் வைத்தாள்.

அவ்வளவு நாளைக்குப் பிறகு பட்ட உப்பு நாக்கைச் சுட்டது. துப்பிவிட்டு உப்பளத்தைப் பார்த்து ஓடினாள்.

மதிய வெயிலில் பாத்திகள் கண்ணைக் கூசவைத்தன. ஆள் அரவமில்லை. கடைசிப் பாத்தியின் வரப்பில், தான் விழுந்த அதே இடத்தில், அனேலுஸ் கால் நீட்டி உட்கார்ந்திருந்தான். நல்ல கையால் ஓரத்து உப்புப் பொருக்கை உடைத்து வாயில் போட்டுக்கொண்டிருந்தான். உதடு வெளுத்து வெடித்திருந்தது. கண்ணில் நீர் கொட்டியது. அப்படியும் அடுத்த துண்டை உடைத்தான்.

"துப்பு!" மெலனீஸ் பாய்ந்து அவன் வாய்க்குள் விரலை விட்டுத் தோண்டினாள். "துப்புய்யா! துப்பு!"

துப்பினான். அவள் அவன் தோளில் அடித்தாள். மறுபடியும் அடித்தாள்.

"சாம்பல்ல கூட உப்பு இருக்குமோன்னு நான் பாத்துப் பாத்துச் சமைக்கறேன். நர்ஸம்மா கிட்டப் பேச்சு வாங்கறேன், சந்தையில பேச்சு வாங்கறேன். நீ இங்க வந்து பாத்தியையே தின்னுகிட்டு இருக்கியா? நாக்கு அவ்வளவு அலையுதா உனக்கு? செத்துத் தொலையலாம்னு பாக்கறியா?"

அவன் தலையை ஆட்டினான்.

"நாக்கு… இல்ல."

"பின்ன என்ன எழவு?"

"முழிச்சுக்…கலாம்னு."

மெலனீஸின் கை அடிக்க ஓங்கியபடியே நின்றது.

"ஊரே சொல்லுது, மெலா. அக்காவும் சொல்றா." ஒவ்வொரு வார்த்தையாக மூக்கு வழியே இழுத்துக்கொண்டு வந்தான். "எனக்கு ஆஸ்பத்திரி போனது ஞாபகமில்ல. வந்தது ஞாபகமில்ல. என் சேவல் பேரு மறந்து போச்சு. கண்ணாடியில பாத்தா… அது என் மூஞ்சி இல்ல. உப்பு தின்னா முழிக்கும்னு சொல்வாங்க இல்ல? தினம் வந்து திங்கறேன். முழிக்கவே மாட்டேங்குது."

"அடப்பாவி மனுஷா."

"உன்மேல கோவமில்ல. என்னை விட மனசு வராம… எவன்கிட்டயாவது சொல்லி எழுப்பி வச்சிருக்கியோன்னு நினைச்சேன். நல்லாத்தான் பாத்துக்கற. ஆனா, செத்தவன்னா போகணும் இல்ல மெலா? செத்திருந்தேன்னா நீயே சொல்லிடு."

மெலனீஸ் வரப்பில் உட்கார்ந்துவிட்டாள். இத்தனை நாள் ஊர் சொன்னதையெல்லாம் ஒரு காதில் வாங்கி மறு காதில் விட்டவள் அவள். இது உள்ளேயே தங்கிவிட்டது. தன் கையால் மூன்று வேளை ஊட்டிய மனுஷன், ஒவ்வொரு வாய்க்கும் தன்னைச் செத்தவன் என்று நினைத்துக்கொண்டே மென்றிருக்கிறான்.

அவன் கையை எடுத்து நறுக்கென்று கிள்ளினாள்.

"வலிக்குதா?"

"வலிக்குது."

"செத்தவனுக்கு வலிக்குமா?"

அவன் யோசித்தான். "ஜோம்பிக்கு வலிக்குமாம். சவுக்கால அடிப்பாங்களே."

"பசிக்குதா உனக்கு?"

"ஜோம்பிக்கும் பசிக்கும்."

"எம்மேல பிரியம் இருக்கா இல்லையா?"

"இருக்கு." தயங்கினான். "அது அவங்களுக்கு உண்டா, இல்லையான்னு… தெரியலை."

"ஐயோ! இந்தப் பாழாப்போன ஜோம்பிக்கு எதுதான்யா கிடையாது?"

அனேலுஸ் நிஜமாகவே யோசித்துப் பதில் சொன்னான். "உப்பு."

*

அவனை நடத்திக் கூட்டிக்கொண்டு வீட்டு முனைக்கு வந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. வேலியோரம் பாதி சந்தை நின்றது. நடுவில் வெர்த்துலி, கையில் புதுச் சட்டி. சோளக் கூழும் மேலே புகை போட்ட உப்பு மீன் குழம்பும். இன்னொரு கையில் ஒரு பிடி கல் உப்பு.

"நான் சண்டைக்கு வரலை" என்றாள். இரண்டு கையும் நிறைய உப்போடு வந்தவள் வேறு எதற்கு வருவாள்? "எல்லார் முன்னாடியும் கேக்கறேன். ஒரு சிட்டிகை. அவன் நாக்குல வை. முழிச்சான்னா, என் தம்பியை நானே கையைப் பிடிச்சுக் குழி வரைக்கும் கொண்டு போய் விட்டுட்டு வர்றேன். முழிக்கலைன்னா உன் காலைத் தொட்டு மன்னிப்புக் கேக்கறேன்."

"மதினி, அவரு தினம் திங்கறாரு!" மெலனீஸ் அலறினாள். "கடைசிப் பாத்தியில உக்காந்து பாளம் பாளமாத் தின்னிருக்காரு. இப்பதான் வாயிலிருந்து தோண்டி எடுத்துட்டு வர்றேன். முழிக்கலை! ஏன்னா அவரு தூங்கவே இல்லை!"

கூட்டம் ஒரு கணம் குழம்பியது. சோளமாவுக்காரி அதைச் சரி செய்தாள்.

"அவனா எடுத்துத் தின்னா அது சேராது. வச்சிருக்கிறவ கையால குடுக்கணும்."

"இது எப்ப வந்த சட்டம்?"

"எப்பவும் இருக்கறதுதான்" என்றார்கள் நாலைந்து பேர், அந்த நிமிஷம்தான் அதைக் கேள்விப்பட்டவர்கள்.

அனேலுஸ் மெலனீஸின் கையைத் தொட்டான். "குடு, மெலா. உன் கையால குடு. அப்பத்தான்… எனக்கும் தெரியும்."

வெர்த்துலி உள்ளங்கையை நீட்டினாள். மெலனீஸ் அதிலிருந்து ஒரு சிட்டிகை எடுத்தாள். எத்தனை சின்னது! இதை அவன் நாக்கில் வைத்துவிட்டால் ஊர் கலைந்து போகும். நாளைக்கு யாராவது வந்து, சிட்டிகை போதாது, பிடி வேண்டும் என்பார்கள். நாளன்றைக்குச் சட்டியோடு வருவார்கள். அவனும் வாயைத் திறந்து கொடுத்துக்கொண்டே இருப்பான். இன்னொரு தடவை விழுந்தால் எழுந்திருக்க மாட்டான்.

சிட்டிகையைத் திரும்ப வெர்த்துலியின் கையிலேயே உதறினாள்.

"மாட்டேன்."

"பாத்துக்கிட்டீங்களா!" என்று வேலியில் ஒரு குரல்.

"பாத்துக்கோங்க. நல்லாப் பாத்துக்கோங்க. என்னை என்ன பேரு வேணா வச்சுக் கூப்பிடுங்க. எனக்கு இவரு உயிரோட வேணும்."

சொல்லிவிட்டு விடுவிடுவென்று அடுப்படிக்குள் போனாள். காலையிலிருந்து பச்சைத் தண்ணீர் கூடக் குடிக்கவில்லை. கோபத்தில் பசித்தது. சட்டியில் ஒட்டிக்கிடந்த சோளக் கூழையும் பயறையும் வழித்துத் தட்டில் போட்டுக்கொண்டு, வழக்கமாக எல்லோரும் சாப்பிட்ட பிறகு உட்காருகிற முக்காலியில் உட்கார்ந்து, கண்ணீரோடு அள்ளிப் போட்டுக்கொண்டாள்.

அனேலுஸ் காலை இழுத்துக்கொண்டு பின்னாலேயே வந்தான். அவள் பார்ப்பதற்குள் அவள் தட்டில் கையை விட்டு ஒரு வாய் எடுத்துப் போட்டுக்கொண்டான். அவள் கையால் வராவிட்டால் என்ன, அவள் தட்டிலிருந்தாவது வரட்டும் என்று நினைத்திருப்பான் போல.

மென்றான். மெல்லுவது நின்றது. இன்னொரு வாய் எடுத்தான்.

"உப்பில்ல."

"இல்ல."

"உன்னுதுலயுமா?"

"ஒரே சட்டிதானேய்யா."

"எப்பத்துலேருந்து?"

"நீ வீட்டுக்கு வந்த அன்னிலேருந்து."

கேள்வி அவனுக்குள் இறங்கிப் போவதை அவள் பார்த்தாள். இந்த முறை சீக்கிரமே மேலே வந்தது. "ஏன்?"

"ஏன்னா? நீ விளக்கெண்ணெய் குடிக்கற மாதிரி மூஞ்சிய வச்சுக்கிட்டுத் திம்ப. நான் மட்டும் அடுப்படியில உக்காந்து உப்பும் உறைப்புமாத் திங்கணுமா? எனக்கு இறங்கலை. அவ்வளவுதான்."

அனேலுஸ் அவளைப் பார்த்தான். தட்டைப் பார்த்தான். இழுத்த வாயின் நல்ல பக்கம் மெல்ல மேலே போயிற்று.

"போகோர் எவனும்… ஜோம்பி தின்றதைத் திங்க மாட்டான்" என்றான். "ஜோம்பிக்கு மண்ணைப் போட்டுட்டு, அவன் கோழிக்கறி தின்பான்."

"அதைத்தான்யா நானும்…"

"மடச்சி!" திடீரென்று கத்தினான். மூக்கால் வந்தாலும் அது அந்தப் பழைய சேவல் சண்டைக் குரல். வேலிக்கு அப்பால் வரை கேட்டது. "உனக்கு எதுக்குடி பத்தியம்? உனக்கு என்ன கேடு? மடச்சி!"

கத்திக்கொண்டே சட்டைப் பையில் கையை விட்டு, மிச்சமிருந்த உப்புக் கல்லையெல்லாம் வாரி அடுப்புச் சாம்பலில் போட்டான். மெலனீஸ் சிரித்தாள், அழுதாள், எது என்று அவளுக்கே தெரியவில்லை. அவன் அவள் தட்டிலிருந்து இன்னொரு வாய் எடுத்து, அந்தச் சப்பென்ற கூழை, உப்பு போட்டதைப் போலவே ருசித்துத் தின்றான்.

அடுப்படி வாசலில் நிழல் விழுந்தது. வெர்த்துலி. எவ்வளவு நேரமாக நிற்கிறாளோ, கையிலிருந்த உப்பு விரலிடுக்கு வழியாகக் கொட்டிக்கொண்டிருந்தது.

"நீயுமா?" என்றாள். "நீயும் உப்பு திங்கறதில்லையா?"

"ஆமா மதினி" என்றாள் மெலனீஸ், கண்ணைத் துடைத்துக்கொண்டு. கடைசியில் ஒரு வழியாகப் புரிந்துவிட்டது என்று நினைத்தாள். பாவம்.

"அவரு தின்றதைத்தான் நானும் திங்கறேன்."

வெர்த்துலி ஓடி வந்து அவளைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதாள். "ஐயோ என் தங்கமே! உன்னைப் போய் நான் என்னென்னவோ பேசிட்டேனே! உன்னையுமா? என் தம்பியோட சேர்த்து உன்னையுமா கொன்னுட்டாங்க?"

"மதினி!"

"ரெண்டு பேருமாம்!" என்று வேலியோரம் சேதி போயிற்று. "அவ வச்சிருக்கலை! அவளையே யாரோ வச்சிருக்காங்க!" "அதான பாத்தேன், அவளும் இளைச்சுத்தான் போனா." "சந்தையில கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாம மாடு மாதிரி நின்னாளே!"

"நான் உயிரோடதான் இருக்கேன்!" என்று மெலனீஸ் கத்தினாள்.

"ஆமாம்மா, ஆமாம்" என்று வெர்த்துலி அவள் முதுகைத் தடவினாள், குழந்தையைத் தூங்க வைப்பது போல. பிறகு அவள் கை நின்றது. தலையை நிமிர்த்தி எல்லோரையும் பார்த்தாள்.

"அப்ப," என்றாள், "இந்த வீட்ல உப்பு தின்றது யாரு?"

வேலிப் படல் திறக்கிற சத்தம் கேட்டது. கூட்டுரோட்டிலிருந்து விதலின் வந்துகொண்டிருந்தாள். கையில் எண்ணெய்த் தாள், அதில் பாதி தின்ற வாழைக்காய் வறுவல், உதட்டு ஓரத்தில் பொடி உப்பு.

கூட்டம் ஒவ்வொருவராக விலகி அவளுக்கு வழி விட்டது. விதலின் மென்றதை விழுங்காமல் அப்படியே நின்றாள்.